கிடந்த கோலத்தில் ஒரு பறவை
(சடையமங்கலத்துச் சடாயு சிற்பம் பற்றிய ஒரு திறனாய்வு)

திருமால் கோயில்களில் நின்ற கோலம், இருந்த கோலம், கிடந்த கோலம் என்று மூன்று சொல்வார்கள். திருவனந்தபுரத்தில் குடியிருக்கும் தமிழர்களாகிய நமக்குக் கிடந்த கோலம் புதிதல்ல. நம்மாழ்வார் பாடிய பத்மநாபன் இந்த ஊரில்தான் பள்ளிகொண்டிருக்கிறான். இங்கிருந்து எம்.சி. ரோடு வழியாக வடக்கே ஏறக்குறைய 50 கிலோமீட்டர் போனால், ஒரு பெரும்பாறையின் உச்சியில் இன்னொரு உருவமும் மல்லாந்து கிடக்கிறது. அது தெய்வம் அல்ல, சிறகு அறுபட்டு விழுந்த ஒரு கிழக் கழுகு. நீளம் 200 அடி, அகலம் 150 அடி, உயரம் 70 அடி. உலகத்திலேயே பெரிய பறவைச் சிற்பம் என்று அதைச் சொல்கிறார்கள்.

2018-இல் அது பொதுமக்களுக்குத் திறந்துவிடப்பட்டது. அதிலிருந்து ஊரிலிருந்து வரும் சொந்தக்காரர்களை நாம் அழைத்துப் போகும் இடங்களின் பட்டியலே மாறிவிட்டது. முன்பெல்லாம் பத்மநாபசுவாமி கோயில், மிருகக்காட்சிசாலை, கோவளம் என்று முடித்துக்கொள்வோம். இப்போது "சடாயுப்பாறை பார்த்தாச்சா?" என்று கேட்காத வீடு இல்லை. போய்விட்டு வந்தவர்களும் பெரும்பாலும் ஒரே வார்த்தைதான் சொல்கிறார்கள்: "அம்மாடி, எவ்வளவு பெருசு!"

இந்தப் "பெருசு" என்ற சொல்லைத்தான் இக்கட்டுரையில் கொஞ்சம் உரசிப் பார்க்க விரும்புகிறேன். வெளிமாநிலத்தில் வளரும் நம் பிள்ளைகளில் பலருக்குக் கம்பனைப் படிக்கும் வாய்ப்பு பள்ளிக்கூடத்தில் கிடைப்பதில்லை. அவர்கள் மனத்தில் சடாயு என்றால் இனி இந்த உருவம்தான் நிற்கும். ஆகவே அது எதைச் சொல்கிறது, எதைச் சொல்லாமல் விடுகிறது என்று பார்ப்பது பொழுதுபோக்கு விஷயம் அல்ல.

பாறையும் பெயரும்

கொல்லம் மாவட்டத்தில் எம்.சி. ரோட்டை ஒட்டியே இருக்கிறது சடையமங்கலம். செங்கோட்டைக்குப் போகிறவர்களும் கொட்டாரக்கரை கணபதியைத் தரிசிக்கப் போகிறவர்களும் கிளிமானூர், நிலமேல் தாண்டி இந்த ஊரைக் கடந்திருப்பார்கள். இராவணன் வாளால் வெட்டுண்ட சடாயு இந்தப் பாறையில்தான் விழுந்தான் என்பது அவ்வூர் மக்களின் நெடுநாளைய நம்பிக்கை. சடாயுமங்கலமே சடையமங்கலம் ஆயிற்று என்பார்கள். கம்பன் எழுதியபடி "சடாயு" என்று சொல்லிப் பார்த்தால் ஊர்ப்பெயரும் பறவையின் பெயரும் இன்னும் நெருங்கி வருகின்றன. சடையன் என்ற பெயரும் மங்கலம் என்ற ஊர்விகுதியும் தென்னாட்டுக் கல்வெட்டுகளுக்குப் பழக்கமானவை என்பதைச் சொல்லாய்வில் ஈடுபாடுள்ள அன்பர்கள் நினைவில் கொள்ளலாம். பெயர் எவ்வழி வந்திருந்தாலும், கதையைப் பாறைமேல் ஏற்றிவைத்தது ஜனங்களின் நாவுதான். சிற்பம் பின்னால் வந்தது.

சிற்பத்தை வடிவமைத்தவர் ராஜீவ் அஞ்சல். மலையாளத் திரைப்பட இயக்குநர். 1997-இல் வெளிவந்த இவருடைய "குரு" என்ற படம் ஆஸ்கர் விருதுக்கு இந்தியாவின் சார்பில் அனுப்பப்பட்டது. தனியார் கட்டி, குறிப்பிட்ட காலம் நடத்தி, பிறகு அரசிடம் ஒப்படைக்கும் முறையில் 65 ஏக்கர் இடத்தில் இந்தச் சுற்றுலா மையம் எழும்பியது. மேலே போக கேபிள் கார் உண்டு. பெண்களின் மானத்துக்கும் பாதுகாப்புக்கும் சமர்ப்பணம் என்று அறிவித்தே சிற்பத்தைத் திறந்தார்கள். இந்தச் சமர்ப்பணத்துக்குப் பின்னால் வருகிறேன்.

தோற்றவனுக்கு ஒரு பெரிய சிலை

முதலில் பாராட்ட வேண்டியதைப் பாராட்டிவிடுவோம். நம் நாட்டில் பெரிய சிலை என்றால் அது நிற்கும். கன்னியாகுமரியில் வள்ளுவர் நிற்கிறார். சடாயு திறக்கப்பட்ட அதே 2018-இல், அக்டோபர் 31-ஆம் தேதி, குஜராத்தில் 182 மீட்டர் உயரத்தில் சர்தார் படேல் எழுந்து நின்றார். நிற்பது வெற்றியின் கோலம், அதிகாரத்தின் கோலம். சண்டையில் தோற்று, சாகப்போகிற ஒரு கிழவனை இந்த அளவில் செய்யத் துணிந்தவர்கள் அரிது. இராஜீவ் அஞ்சல் அந்தப் பறவையைச் சிறகு விரித்துப் பறக்கும் வீரனாகச் செய்திருக்கலாம். சுற்றுலாக்காரர்களுக்கு அதுவும் பிடித்திருக்கும். அவர் அப்படிச் செய்யவில்லை. மல்லாந்து கிடக்கும் உடல், ஒரு பக்கம் விரிந்த சிறகு, வெட்டுப்பட்ட மறுபக்கம், வானத்தை நோக்கி மடங்கிய கால் நகங்கள் என்று செய்தார். அந்த நகங்கள்தான் இச்சிற்பத்தின் உயிர்நிலை என்பது என் கருத்து. பற்றிக்கொள்ள எதுவும் இல்லாத காற்றை அவை இன்னும் பற்றப் பார்க்கின்றன. விழுந்த பிறகும் விடமாட்டேன் என்கிற பிடிவாதம் அதில் தெரிகிறது.

அடுத்தது, இடத்தின் பொருத்தம். தட்டையான நிலத்தில் 200 அடிப் பறவையைப் போட்டால் அது பொருட்காட்சிப் பொம்மை ஆகிவிடும். இங்கே கரடுமுரடான பாறை அதற்குப் படுக்கை. உண்மையிலேயே மேலிருந்து விழுந்தது போலத்தான் கிடக்கிறது.

இனி என் தயக்கங்கள்.

200 அடி எதற்கு?

கன்னியாகுமரி வள்ளுவர் சிலை பீடத்தோடு சேர்ந்து 133 அடி. கணபதி ஸ்தபதி அந்த எண்ணைச் சும்மா எடுக்கவில்லை. திருக்குறளின் அதிகாரங்கள் 133. பீடம் 38 அடி, அது அறத்துப்பால். மேலே நிற்கும் உருவம் 95 அடி, அது பொருளும் இன்பமும். சிலையின் அழகைப் பற்றி ஆயிரம் பேர் ஆயிரம் சொல்லலாம். ஆனால் அளவுக்கு ஒரு காரணம் இருக்கிறது. அந்தக் காரணத்தைக் குழந்தைக்கும் விளக்கலாம்.

சடாயுவின் 200 அடிக்கு அப்படி ஒரு காரணத்தை என்னால் காண முடியவில்லை. "உலகத்திலேயே பெரியது" என்பதைத் தவிர அந்த எண் வேறெதையும் சொல்லவில்லை. உலகத்திலேயே பெரியது என்ற பட்டம் நாளைக்கே இன்னொருவன் 210 அடி கட்டினால் போய்விடும். சடாயுவின் பெருமை அப்படிப் போய்விடக்கூடியதா?

பெரிதாக இருப்பதைப் பகுதி பகுதியாகப் பார்க்கும் கலையை நம் ஊர்க் கோயிலே கற்றுக்கொடுக்கிறது. பத்மநாபனின் திருமேனி 18 அடி. அதை ஒரே பார்வையில் பார்க்க முடியாது. மூன்று வாசல் வைத்திருக்கிறார்கள். ஒன்றில் திருமுகம், ஒன்றில் உந்தித் தாமரை, ஒன்றில் திருப்பாதம். முழுசையும் நாமே மனத்துக்குள் சேர்த்துக்கொள்ள வேண்டும். அந்தச் சேர்ப்பில்தான் தரிசனம் நிறைவேறுகிறது. வாசல் என்பது ஒருவகை இலக்கணம். பெரியதை எப்படிப் பார்க்க வேண்டும் என்று சொல்லித்தரும் இலக்கணம்.

சடாயுப்பாறையில் அந்த இலக்கணம் இல்லை. சாலையில் நின்று பார்த்தால் பாறையின் நெற்றியில் ஒரு மேடு தெரிகிறது. மேலே போய்ப் பக்கத்தில் நின்றால் சிறகின் ஒரு துண்டு, அல்லது அலகின் அடிப்பாகம். முழுப் பறவையையும் ஒருசேரப் பார்க்க வேண்டுமானால் ஆகாயத்துக்குத்தான் போக வேண்டும். நாம் எல்லோரும் கண்டு வியந்த அந்தப் புகழ்பெற்ற படங்கள் மேலிருந்து எடுத்தவை. அப்படியானால் சிற்பம் நடந்துவருகிற மனிதனுக்காகச் செய்யப்பட்டதா, காமிராவுக்காகச் செய்யப்பட்டதா? சினிமாக்காரர் செய்த சிற்பம் என்பதால் இந்தக் கேள்வியைக் கேட்காமல் இருக்க முடியவில்லை.

உறவில் பேத்தி முறையாகும் ஒரு சிறுமி அங்கே நின்று, "தாத்தா, இது தூங்குதா, செத்துப்போச்சா?" என்று கேட்டாள். நல்ல கேள்வி. முகத்தைத் தள்ளிநின்று பார்க்க வழியிருந்தால் அந்தக் கேள்வி எழுந்திருக்காது. முகத்தைக் காட்டாத சிற்பம் வலியைக் காட்ட முடியாது.

சாலையோரத்து ராட்சதர்கள்

வழிப்போக்கரை வண்டியை நிறுத்தவைக்கப் பெரிய மிருகம் கட்டுவது உலகெங்கும் உள்ள வழக்கம். அமெரிக்காவில் நியூ ஜெர்சி மாநிலத்து மார்கேட் கடற்கரையில் 1881-இல் ஆறு மாடி உயரத்தில் ஒரு யானை கட்டினார்கள். பெயர் லூசி. கட்டியவருக்கு யானைமேல் பக்தி ஒன்றும் இல்லை. சுற்றியிருந்த மனைகளை விற்க வேண்டும், அதற்கு ஆள் வரவேண்டும். ஆஸ்திரேலியாவில் கோல்பர்ன் என்ற ஊரில் 1985-இல் 15 மீட்டர் உயரத்துக்குக் கான்கிரீட்டில் ஒரு செம்மறிக் கடா கட்டினார்கள். உள்ளே கடை. பின்னால் நெடுஞ்சாலை ஊரைச் சுற்றிக்கொண்டு போய்விட்டது, கூட்டம் குறைந்துவிட்டது. 2007-இல் அந்தக் கடாவையே பெயர்த்துப் புதுச் சாலைக்குப் பக்கத்தில் கொண்டுபோய் வைத்துவிட்டார்கள்! சாலை போன இடத்துக்கு ஆடும் போயிற்று.

இவற்றை நான் கேலி செய்யவில்லை. லூசியை இடிக்கப் போனபோது ஊர்ஜனங்கள் பணம் திரட்டிக் காப்பாற்றினார்கள், 1976-இல் அது தேசியச் சின்னமாகவே ஆயிற்று. விளம்பரமாகப் பிறந்தது ஊரின் அன்பால் நினைவுச்சின்னம் ஆனது. ஆனால் இந்த இனத்துக்கு ஒரு பொதுக்குணம் உண்டு. வெளியே மிருகம், வயிற்றுக்குள் வியாபாரம். சடாயுவின் வயிறும் கூடுதான். உள்ளே அருங்காட்சியகம், காட்சிக்கூடம் என்று திட்டமிட்டு 15,000 சதுர அடித் தளப்பரப்போடு கட்டியிருக்கிறார்கள். கம்பளி விற்கும் ஊரில் ஆட்டின் வயிற்றில் கடை இருக்கலாம், பொருத்தம்தான். உயிர் பிரிந்துகொண்டிருக்கிற ஒருவனுடைய வயிற்றுக்குள் கேளிக்கை அரங்கு என்றால், நம்ம பாட்டிமார் முகம் சுளிப்பார்கள். அந்தச் சுளிப்பில் ஓர் அழகியல் இருக்கிறது.

இவ்விடத்தில் சங்குமுகம் கடற்கரையை நினைத்துக்கொள்கிறேன். கானாயி குஞ்ஞிராமன் 1990-களின் தொடக்கத்தில் செய்த சாகரகன்னிகையும் கிடந்த கோலம்தான். பாதி பெண், பாதி மீன். இரண்டு பேருந்தை வரிசையாக நிறுத்தினாலும் அவள் நீளத்துக்கு ஆகாது. கானாயி சென்னை ஓவியக் கல்லூரியில் கே.சி.எஸ். பணிக்கரிடம் பயின்றவர். அந்த வகையில் நம்ம ஊர் மண்ணுக்கும் அவள்மீது சிறு பாத்தியதை உண்டு. அவளுக்குள் அறை இல்லை, அரங்கு இல்லை. புல்மேட்டில் சாய்ந்து கடலின் மாலை வெளிச்சத்தை வாங்கிக்கொண்டு கிடப்பதே அவள் வேலை. 2020-இல் சுற்றுலாத் துறை அவளுக்குப் பக்கத்தில் பழைய ஹெலிகாப்டர் ஒன்றைக் கொண்டுவந்து காட்சிக்கு வைத்தது. கானாயி மனம் நொந்து எதிர்ப்புத் தெரிவித்தார். அவர் கோபம் நியாயமானது. சிற்பத்தைச் சுற்றியுள்ள வெட்டவெளியும் சிற்பத்தின் ஒரு பாகம். அதைப் பார்க்கத் தெரியாத கண்ணுக்குச் சாகரகன்னிகையும் ஹெலிகாப்டரும் ஒன்றுதான், இரண்டும் "பெருசு".

சீதை எங்கே?

சமர்ப்பணத்துக்கு வருகிறேன். பெண்ணின் மானம் காக்க உயிர்விட்டவன் சடாயு. சரிதான். ஆனால் 65 ஏக்கரில் கிடக்கும் அந்த மாபெரும் உருவத்தில் அந்தப் பெண் இல்லை. அவளுடைய நகை இல்லை, அவள் போன திசையைக் காட்டும் ஒரு குறிப்புகூட இல்லை. காத்தவனைப் பார்க்கிறோம். காக்கப்பட வேண்டியவள் கதையிலிருந்து நழுவிவிட்டாள்.

அதே எம்.சி. ரோட்டில் சடையமங்கலத்துக்குச் சில கிலோமீட்டர் முன்னால் இருக்கும் கிளிமானூரில்தான் 1848-இல் ராஜா ரவிவர்மா பிறந்தார். அவர் தீட்டிய சடாயு வதத்தை நம் வீட்டுப் பழைய காலண்டர்களில் பார்த்திருப்பீர்கள். ஒரு கையில் வாளோடு இராவணன், அறுபட்ட சிறகோடு பறவை, அந்தக் கொடுமையைக் காண மாட்டாமல் முகத்தைப் பொத்திக்கொள்ளும் சீதை. பறவையின் வலி நமக்கு எட்டுவது அந்தப் பொத்திய கையின் வழியாகத்தான். ஒரு சுவரில் மாட்டக்கூடிய படம் அது. சில அடியில் அடங்கிய படத்துக்குள் மூன்று பேர் இருக்கிறார்கள். 200 அடியில் ஒருவன்தான்.

இன்னொன்று. சடாயுவின் பெருமை விழுந்ததில் மட்டும் இல்லை. விழுந்த பிறகு செய்ததில் இருக்கிறது. கம்பனின் ஆரணிய காண்டத்தில் சடாயு உயிர் நீத்த படலத்தைப் படித்தவர்களுக்குத் தெரியும். சிவன் தந்த வாளால் வெட்டுண்டு விழுந்தவன், இராமன் வரும்வரை உயிரைப் பிடித்துவைத்திருக்கிறான். யார் கொண்டுபோனான் என்ற செய்தியைச் சொல்கிறான். உலகங்களையே அழித்துவிடுவேன் என்று கொதிக்கும் இராமனை ஆற்றுவதும் அந்தச் சாகக் கிடக்கும் பறவைதான். சண்டையில் தோற்றவன் சொல்லால் வென்றான். அவன் சொல்லாமல் செத்திருந்தால் தேடல் எங்கே தொடங்கும்? நீதிமன்றங்களில் சாட்சிகள் பிறழும் காலத்தில், பெண்ணுக்கு நேர்ந்ததைக் கண்டேன் என்று கடைசி மூச்சிலும் சொன்ன சாட்சி என்றல்லவா அவனைக் கொண்டாட வேண்டும்! பெண்களின் பாதுகாப்புக்கு அதைவிடப் பொருத்தமான சமர்ப்பணம் ஏது?

தமிழ்நாட்டுத் தலங்கள் சடாயுவை நினைவில் வைத்திருக்கும் முறையே வேறு. கும்பகோணத்துக்கு அருகில் திருப்புள்ளம்பூதங்குடி, காஞ்சிபுரத்துக்கு அருகில் திருப்புட்குழி, இரண்டும் திருமங்கையாழ்வார் பாடிய தலங்கள். வைத்தீசுவரன் கோயிலின் பழம்பெயர் புள்ளிருக்குவேளூர். "புள்" என்றால் பறவை. மூன்று இடத்திலும் சொல்லப்படுவது இராமன் சடாயுவுக்குச் செய்த ஈமக்கடன். பெற்ற தகப்பனுக்குக் கொள்ளி வைக்க முடியாமல் காட்டுக்கு வந்த பிள்ளை, தகப்பனின் தோழனான பறவைக்கு மகனாக நின்று அதைச் செய்தான். புள்ளிருக்குவேளூரில் சடாயு குண்டம் என்று ஒரு சின்னக் குழி, அவ்வளவுதான். அதிலுள்ள சாம்பலை நெற்றியில் இட்டுக்கொள்கிறோம். திருப்புள்ளம்பூதங்குடியில் பறவைக்குச் சிலை பெரிதில்லை. இராமனே கிடந்த கோலத்தில் இருக்கிறான். வில்லாளி இராமனை வேறெங்கும் அப்படிக் காண்பது அரிது. சடாயுவின் இழப்பு எவ்வளவு பெரிது என்று காட்டப் பறவையைப் பெரிதாக்கவில்லை, இராமனைப் படுக்கவைத்தார்கள்! அந்தக் கற்பனையை நான் வணங்குகிறேன்.

பெருசு என்பது என்ன?

நம் மரபு பெரிய மிருகங்களை வெறுத்ததில்லை. புதுக்கோட்டை மாவட்டம் குளமங்கலத்து ஐயனார் கோயில் குதிரையை நிமிர்ந்து பார்த்தவர்களுக்குத் தெரியும். தஞ்சைப் பெரிய கோயில் நந்தி ஒரே கல்லில் 12 அடி உயரம். ஆனால் குதிரை, ஏறவேண்டிய ஐயனாருக்காக நிற்கிறது. நந்தி, எதிரே உள்ள லிங்கத்தைப் பார்த்துக்கொண்டிருக்கிறது. அந்தப் பெரிய உருவத்தைவிடப் பெரிதான இன்னொன்று எதிரில் இருக்கிறது என்பதே அதன் பொருள்.

சடாயுவுக்குச் சிற்றப்பன் முறையாகும் கருடனுக்கு நாச்சியார்கோயிலில் கல்லில் ஓர் உருவம் உண்டு. சன்னதியை விட்டுப் புறப்படும்போது நாலு பேர் தூக்குவார்கள். அடுத்து எட்டு, பிறகு பதினாறு, முப்பத்திரண்டு, அறுபத்து நாலு என்று ஆள் கூடிக்கொண்டே போகும். திரும்பும்போது அதே கணக்கில் குறையும். கல் அதே கல்தான். அங்கே பாரம் தோளில் ஏறுகிறது, கண்ணில் ஏறுவதில்லை. தோள்கொடுப்பவன் இல்லாமல் அந்தக் கருடனுக்குக் கனம் இல்லை. சடையமங்கலத்தில் நாம் தோள்கொடுக்க ஒன்றும் இல்லை. சீட்டு வாங்கிக்கொண்டு பார்த்துவிட்டு வரலாம்.

இதனால் சடாயுப்பாறைக்குப் போகாதீர்கள் என்று சொல்ல வரவில்லை. கட்டாயம் போங்கள். தோற்றவனைப் பெரிதாக நினைத்த அந்த ஒரு துணிவுக்காகவே போகலாம். அந்த நகங்களுக்காகப் போகலாம். சிற்பத்தின் குறை என்று நான் சொன்னதெல்லாம் ஒரு வகையில் நம் வேலையைத்தான் சுட்டுகிறது. சிமெண்டால் சொல்ல முடியாததை வாயால் சொல்ல வேண்டும், அவ்வளவே.

வண்டி வெஞ்ஞாறமூடு தாண்டும்போது கதையை ஆரம்பித்தால் சடையமங்கலம் வருவதற்குள் முடித்துவிடலாம். கிளிமானூரில் ரவிவர்மாவின் சீதையைச் சொல்லுங்கள். நிலமேல் வரும்போது கம்பனின் சடாயு இராமனிடம் செய்தி சொன்னதைச் சொல்லுங்கள். அவனுக்கு இராமன் பிள்ளையாகி நின்றதைப் பாறையின் அடிவாரத்தில் சொல்லுங்கள். அதன்பிறகு பிள்ளைகள் மேலே போகட்டும். கதை தெரிந்த பிள்ளை "எவ்வளவு பெருசு!" என்பதோடு நிற்காது. "சீதையை ஏன் தாத்தா வைக்கலை?" என்று கேட்கும். அந்தக் கேள்வியைக் கேட்கத் தெரிந்த ஒரு பிள்ளையாவது நம் சங்கத்து வீடுகளில் வளர்ந்தால், மாநிலத்துக்கு வெளியே தமிழ் படித்ததற்குப் பலன் கிடைத்துவிட்டது என்பேன்.